இடுப்பளவுச் செடி

அக்டோபர் 4, சனி

இன்று பதினோரு பேர். ஈரோட்டிலிருந்து இரண்டு குடும்பம், கோவையிலிருந்து ஒரு புதுமணத் தம்பதி. காலை பத்து மணிக்கு ரிசார்ட் வாசலில் காக்கித் தொப்பியை மாட்டிக்கொண்டு நின்றேன். 'முன்னோடிகள் நடை'க்கு வழிகாட்டி என்றால் துரை மாதிரி தொப்பி போட வேண்டுமாம். மேலாளர் பிரகலாத் சாரின் யோசனை. அந்தத் தொப்பி தூரத்தில் தெரிந்தாலே எங்கள் தாத்தா ரோட்டோரம் ஒதுங்கி, செருப்பைக் கழற்றிக் கையில் பிடித்துக்கொள்வாராம். நான் அதைத் தலையில் வைத்திருக்கிறேன்.

மனப்பாடம் செய்த வசனம்தான். "ஆயிரத்தெண்ணூற்றுத் தொண்ணூற்றேழில், மனித வாடையே இல்லாத இந்த ஊசிப்பாறை மலைக்குத் தன்னந்தனியாக வந்து சேர்ந்தார் கார்னெட் துரை." மனித வாடையே இல்லையாம். அவருக்கு வழி காட்டிய காடர் பழங்குடிகள் மனிதர்கள் இல்லையா? தன்னந்தனியாகவாம். அவருடைய பெட்டியும் கட்டிலும் தாமாக நடந்தா மலையேறின? இதையெல்லாம் இங்கே எழுதுகிறேன். அங்கே பல் தெரியச் சிரித்துக்கொண்டு சொல்லிவிட்டு வருகிறேன்.

கிளப், பங்களா, மலைக்கோயில் என்கிற பழைய சர்ச், கடைசியில் வெள்ளைக்காரர் கல்லறைத் தோட்டம். துரையின் கல்லறை முன்னால் எப்போதும் போலக் கொட்டாவி. அப்போது அந்தப் புதுப்பெண் கேட்டாள்: "ஏங்க, கல்லறைல எதுக்குங்க டீச்செடி?"

துரையின் கால்மாட்டில் ஒரு தேயிலைச் செடி நிற்கிறது. ஏழு மாதமாக அதைத் தாண்டித்தான் போய் வருகிறேன். இந்த ஊரில் பிறந்தவர்கள் யாரும் தேயிலைச் செடியைத் திரும்பிப் பார்ப்பதில்லை. திரும்பின பக்கமெல்லாம் அதுதான். வாயில் வந்ததைச் சொன்னேன்: "துரை இந்த மலையில் தன் கையால் நட்ட முதல் செடி இது."

கொட்டாவி நின்றது. பதினோரு பேரும் செடி பக்கத்தில் நின்று படம் எடுத்துக்கொண்டார்கள். ஏழு மாதத்தில் முதல் தடவையாக யாரோ கை தட்டினார்கள்.

அக்டோபர் 5

மழை. துணி காயவில்லை. தொப்பியும் காயவில்லை, அதற்கு வருத்தமில்லை.

அக்டோபர் 9, வியாழன்

புதுப்பெண் எடுத்த வீடியோவை நிறையப் பேர் பார்த்துவிட்டார்களாம். பிரகலாத் சார் கூப்பிட்டு அனுப்பினார். கோவைக்காரர். மலைக்கு வந்து ஒன்றரை வருடம் ஆகிறது, இன்னும் ஸ்வெட்டரைக் கழற்றவில்லை.

"ஏம்மா பிரிசில்லா, இத எங்கிட்ட முதல்லயே சொல்றதுக்கு என்ன? ஸ்கிரிப்ட்லயே இல்லையே!"

"பெரியவங்க பேசிக் கேட்டிருக்கேன் சார்."

இது இரண்டாவது பொய். இதற்கு முதல் பொய் அளவுக்குக்கூட யோசிக்கவில்லை.

சாயங்காலம் அம்மாவிடம் சொல்லிச் சிரித்தேன். அம்மா பீன்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தாள். அம்மாவுக்கு இடது கை. சமையல், கொழுந்து பறிப்பது, கவாத்து வெட்டுவது எல்லாம் இடது கையில்தான். முப்பத்தெட்டு வருடமாக மேஸ்திரிகள் திட்டித் திட்டி ஓய்ந்ததுதான் மிச்சம்.

"எந்தச் செடிட்டி?"

"துரை கால்மாட்டுல ஒண்ணு நிக்கே, அதான்."

"ஓ."

பீன்ஸ் தீர்ந்த பிறகும் அரிவாள்மணையை விட்டு எழுந்திருக்கவில்லை. கேட்டதற்கு, கால் மரத்துவிட்டது என்றாள்.

அக்டோபர் 12, ஞாயிறு

கோயில் முடிந்து, கல்லறைத் திருநாளுக்கு இப்போதே மெழுகுவத்தி வாங்கினோம். கடைசி நேரத்தில் கிடைக்காது. அம்மா மூன்று எடுத்தாள். அப்பாவுக்கு ஒன்று, தாத்தாவுக்கு ஒன்று.

"மூணாவது யாருக்கும்மா?"

"ஒண்ணு ஒடைஞ்சுட்டா?"

வருடா வருடம் இதே கேள்வி, இதே பதில். எந்த வருடமும் எதுவும் உடைந்ததில்லை. மீந்தது எங்கே போகிறது என்று நான் கேட்டதும் இல்லை.

பிறகு ஓடைக்கரைக்குப் போனோம். எங்கள் ஆட்களின் கல்லறை அங்கேதான். சுவர் கிடையாது, வேலி கிடையாது. காட்டுப்பன்றி வந்து அப்பாவின் தலைமாட்டை உழுது போட்டிருந்தது. அப்பா போய் நாலு வருடம் ஆகிறது, இன்னும் பன்றியோடுதான் அவருக்குச் சண்டை. ஓடையிலிருந்து கல் தூக்கிவந்து அடுக்கினோம். மேட்டில் வெள்ளைக்காரர் கல்லறைத் தோட்டத்தின் சுவர் தெரிந்தது. ஆள் உயரம், சுண்ணாம்பும் கல்லுமாகக் கட்டியது. அதையும் நம் ஆட்கள்தான் கட்டியிருப்பார்கள். உள்ளே படுக்கத்தான் அனுமதி இல்லை.

"அந்தச் சொவத்துல பாதி நமக்கு இருந்தாப் போதும்மா" என்றேன்.

அம்மா மேட்டைப் பார்த்தாள். "கல்லத் தூக்குட்டி" என்றாள்.

அக்டோபர் 15, புதன்

எனக்குப் புது பேட்ஜ்! 'தலைமை வழிகாட்டி.' இருக்கிற வழிகாட்டியே நான் ஒருத்திதான். இருந்தாலும் கண்ணாடியில் பார்த்துக்கொண்டேன்.

நவம்பர் 1ஆம் தேதி 'ஊசிப்பாறை முன்னோடி தினம்' கொண்டாடப் போகிறார்கள். துரையின் கொள்ளுப்பேரன் லண்டனிலிருந்து வருகிறார். அந்தச் செடியை 30ஆம் தேதி வேரோடு எடுத்து, ரிசார்ட் முகப்பில் நட்டு, சுற்றிலும் கண்ணாடி போட்டு, பித்தளைத் தகடு வைக்கப் போகிறார்களாம். கோயிலில் அனுமதி வாங்கியாயிற்று.

வீட்டில் வந்து பேட்ஜைக் காட்டினேன். அம்மா அதைப் புடவையில் துடைத்துப் பார்த்தாள். செடி விஷயத்தையும் சொன்னேன்.

"வேரோடவா?"

"பின்ன?"

"எவ்வளவு ஆழம் தோண்டுவாவ?"

"ரெண்டடி, மூணடி இருக்கும். நல்லா எடுத்தாத்தான வேர் பிடிக்கும்."

குடத்தை எடுத்துக்கொண்டு தண்ணிக்குப் போனாள். குடம் ஏற்கனவே நிறைந்திருந்தது. போன பிறகுதான் பார்த்தேன், வாசலெல்லாம் தண்ணீர்.

திரும்பி வந்து கேட்டாள்: "ஒன் கூட அந்த டூருக்கு நானும் வரலாமாட்டி?"

அக்டோபர் 19, ஞாயிறு

அம்மா வந்தாள். கோயிலுக்குக் கட்டும் ஊதாப் புடவை, தலையில் பூ. சென்னைக்காரர்கள் ஒன்பது பேருக்கு நடுவில் பத்தாவதாக நின்றாள்.

நான் அவளைத் தெரிந்ததுபோல் காட்டிக்கொள்ளவில்லை. ஏன் என்று எழுத வேண்டும். ரிசார்ட் வண்டி டிரைவர் பார்த்துக்கொண்டிருந்தான், பிரகலாத் சார் மாடியில் நின்றார், அம்மாவின் விரல்களில் கொழுந்துக் கறை இருந்தது. இதில் எதுவும் காரணமாகாது. அம்மாவுக்கு நான் சொல்லாமலே புரிந்தது. என்னை 'மேடம்' என்று கூப்பிட்டாள்.

"தன்னந்தனியாக வந்து சேர்ந்தார் கார்னெட் துரை" என்றதும் கையைத் தூக்கினாள்.

"மேடம், தனியா வந்தவருக்கு யாரு சோறு பொங்கினா?"

எல்லாரும் சிரித்தார்கள். ஒரு சென்னைப் பெரியவர், "நல்ல கேள்விம்மா! ஆன்லைன்ல ஆர்டர் பண்ணிருப்பாரு" என்றார். அம்மாவும் சிரித்தாள். நான் அடுத்த வரிக்குப் போய்விட்டேன்.

மலைக்கோயிலில், துரைமார் உள்ளே ஜெபித்தபோது எங்கள் ஆட்கள் நின்ற இடத்தைப் பக்கத்து அம்மாளிடம் மெதுவாகச் சொல்லிக்கொண்டிருந்தாள். அந்த அம்மாள், "வெளியிலயா நிப்பீங்க? மழையிலயா?" என்று கேட்டது காதில் விழுந்தது.

கல்லறைத் தோட்டம். முதல் செடிக் கதையை முழுசாகச் சொன்னேன். இப்போது அது வளர்ந்திருக்கிறது. துரை அசாமிலிருந்து விதையைக் கோட்டுப் பையில் கொண்டு வந்தார் என்பதெல்லாம் சேர்ந்திருக்கிறது. ஒவ்வொருத்தராகச் செடி முன்னால் நின்றார்கள், நான் படம் எடுத்துக் கொடுத்தேன். அம்மா முறை வந்தது. அவள் என்னைப் பார்க்கவில்லை. குனிந்தாள். இடது கை தானாகப் போய், இரண்டு இலையும் மொட்டுமாக ஒரு கொழுந்தைக் கிள்ளியது. அடுத்தது. அடுத்தது.

"அம்மா, செடியைத் தொடக்கூடாது" என்றேன். வழிகாட்டிக் குரலில்.

கையை இழுத்துக்கொண்டாள். "மன்னிச்சிருங்க மேடம்."

அக்டோபர் 20

இன்று முழுக்க அம்மா பேசியது இவ்வளவுதான்: "கொழம்பு இருக்கு. சுட வச்சுக்கோ."

அக்டோபர் 22, புதன்

ரிசார்ட் தோட்டக்காரர் வேலுச்சாமி அண்ணனோடு கல்லறைத் தோட்டத்துக்குப் போனேன். 30ஆம் தேதி தோண்டப் போகிறவர் அவர்தான். அதற்கு முன்னால் இடத்தைப் பார்த்துவிட்டு வரச் சொல்லியிருந்தார் பிரகலாத் சார். வேலுச்சாமி அண்ணன் முப்பது வருடம் எஸ்டேட்டில் கவாத்து வெட்டியவர். செடியின் அடியைத் தடவிப் பார்த்துவிட்டு எழுந்தார்.

"எவன் பாப்பா இத நூத்தி இருபது வருசத்துச் செடின்னது?"

"ஏண்ணே?"

"நூறு வருசத்துச் செடின்னா அடிமரம் ஏந் தொடை தண்டி இருக்கும். இதுக்கு முப்பதுகூட ஆகல." குனிந்து கிளைகளைப் பிரித்தார். "சும்மா விட்டிருந்தா இந்நேரம் மரமாகி மேல போயிருக்கும். யாரோ வந்து கிள்ளிக்கிட்டே இருக்காக. கவாத்தும் வெட்டிருக்காக பாரு. நல்ல பழகுன கை." பிறகு தலையைச் சாய்த்துப் பார்த்தார். "வெட்டு மட்டும் எதுத்த பக்கமா சாயுது. எடது கைக்காரன் எவனோ."

அவரை அங்கேயே விட்டுவிட்டுக் கிளம்பினேன்.

வீட்டுக்கு வந்து அம்மா முன்னால் நின்றேன். கேட்கவில்லை. அவளே அடுப்பை அணைத்துவிட்டுச் சொன்னாள்.

"ஒனக்கு முந்தி ஒருத்தி பொறந்தா. ஒம்போது நாளு இருந்தா. ஆடி மழை. மூச்சு முட்டுச்சு. கீழ பெரிய ஆஸ்பத்திரிக்குக் கொண்டுட்டுப் போங்கன்னாவ. பதினாலாவது வளைவுல மண்ணு சரிஞ்சு கெடந்துச்சு. ரோடு தொறக்க மூணு நாளாச்சு. மொத வண்டி கொழுந்து லாரிதான் போச்சு."

அந்தச் சாலையைப் பற்றி நான் தினமும் சொல்கிறேன். 'துரை அமைத்த முப்பத்திரண்டு கொண்டை ஊசி வளைவுகள்.' தேயிலை கீழே போவதற்காகப் போட்டது.

"ஓடக்கரையில வைப்போம்னாவ. முந்துன வாரந்தான் பன்னி வந்து செல்லத்துரை மவனத் தோண்டிப் போட்டிருந்துச்சு. நான் பிள்ளையக் குடுக்கமாட்டேன்னுட்டேன். ஒங்கப்பா மேட்டப் பாத்தாவ. இந்த மலையில பன்னி ஏறாத சொவரு அது ஒண்ணுதான? வாச்மேன் தொபியாஸ் அண்ணன் கேட்டத் தொறந்து விட்டுட்டு டீ குடிக்கப் போயிட்டாரு. பட்டப்பகல். ஒங்கப்பா தோண்டுனாவ, நான் கொட பிடிச்சேன். அந்த மழையில எவன் வெளிய வாரான்?"

"துரை கால்மாட்டுலயா?"

"அங்கதான் மண்ணு எளக்கமா இருந்துச்சு. சிலுவை வச்சாக் கேள்வி வரும். டீச்செடி வச்சா எவன் கேப்பான்?"

பிறகு சொன்னாள்: "விட்டா மரமா வளந்துரும். அதான் ரெண்டு மாசத்துக்கு ஒருக்காப் போயிக் கிள்ளி விடுதேன். இடுப்புக்கு மேல போவக்கூடாது. இடுப்புல வச்சிருந்த பிள்ளதான?"

"பேரு என்னம்மா?"

"ஞானஸ்நானம் குடுக்கல. குட்டின்னு கூப்புடுவோம்."

ஞாயிற்றுக்கிழமை இவள் என்னிடம் மன்னிப்புக் கேட்டாள். அவள் மடியில் தலை வைத்துப் படுத்தேன். விரல்களில் பச்சை வாசனை.

வாரத்துக்கு ஆறு நாள். பத்துப் பத்துப் பேராக அங்கே நிற்க வைத்து, "இன்னும் கொஞ்சம் பக்கத்துல வாங்க" என்று சொல்லிப் படம் எடுத்துக் கொடுத்திருக்கிறேன்.

அக்டோபர் 24, வெள்ளி

பிரகலாத் சாரிடம் போய்ச் சொன்னேன். "சார், அந்தச் செடிக் கதை நான் விட்டது. அதுக்கு முப்பது வயசுகூட ஆகல."

அவர் கோபப்படுவார் என்று நினைத்தேன். சிரித்தார்.

"எனக்குத் தெரியும்மா. தேடிப் பாத்தேன். துரை இங்க மொதல்ல போட்டது காப்பியாம், அதுவும் பூச்சி விழுந்து போச்சாம்."

"அப்புறம் ஏன் சார்?"

"அழைப்பிதழ் அடிச்சாச்சு. வெள்ளைக்காரர் ஃப்ளைட் ஏறப் போறாரு. வர்றவங்களுக்குத் தொட்டுப் பாக்க ஒண்ணு வேணுமே! நீ நல்லாப் பண்ணிருக்க, போ."

குழந்தை விஷயத்தைச் சொல்லியிருக்கலாம். வாய் வரைக்கும் வந்தது. சொன்னால் மறுநாள் அதையும் ஸ்கிரிப்டில் சேர்த்துவிடுவார். தொண்டையில் ஒரு விம்மலோடு இத்தனை வரி படிக்கவும் என்று குறிப்பும் எழுதுவார். வாயை மூடிக்கொண்டு வந்தேன்.

ஆறு நாள் இருக்கிறது.

அக்டோபர் 26, ஞாயிறு

வேலுச்சாமி அண்ணனை வீட்டுக்கு வரச் சொல்லி, நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்து சொன்னோம். எல்லாவற்றையும். அவர் காப்பியைக் குடிக்காமல் கையிலேயே வைத்திருந்தார்.

"நான் தோண்டமாட்டேன்னுட்டா, டவுன்லருந்து எவனையாச்சும் கூட்டியாந்து தோண்டுவாரே தாயி" என்றார்.

அம்மா கேட்டாள்: "அண்ணே, ஒங்க மேனேசருக்கு டீச்செடி வயசு பாக்கத் தெரியுமா?"

"அவுகளா? டீத்தூளே பாக்கெட்டுல பாத்தாத்தான் அடையாளம் தெரியும்."

"மூணாம் நம்பர் காட்டுல பழைய செடியெல்லாம் பிடுங்குதாவல்லா? புதுசு நட?"

வேலுச்சாமி அண்ணன் அம்மாவையே பார்த்தார். அப்புறம் காப்பியைக் கீழே வைத்துவிட்டு, இருமல் வரும் வரை சிரித்தார்.

"ஞானப்பூ, நீ கொழுந்து எடுக்க வந்திருக்கவே கூடாது. நீ துரையா வந்திருக்கணும்."

"போங்கண்ணே. தொப்பி எனக்குச் சேராது."

மூணாம் நம்பர்தான் இந்த மலையிலேயே பழைய தேயிலைக் காடு. அந்தச் செடிகளை நட்டவர்கள், மலையேறி வந்த முதல் கூட்டத்து ஆட்கள். அதில் அம்மாவின் கொள்ளுத்தாத்தாவும் உண்டு. எந்தச் செடி அவர் நட்டது என்று யாருக்கும் தெரியாது. எதிலும் தகடு இல்லை.

அக்டோபர் 30, வியாழன்

காலையில் ஆறு மணிக்கே மூணாம் நம்பரிலிருந்து ஒரு பழஞ்செடி சாக்கில் கட்டிக்கொண்டு ரிசார்ட்டுக்கு வந்துவிட்டது. அடிமரம் உண்மையாகவே தொடை தண்டி, பாசி பிடித்து, முடிச்சு முடிச்சாக.

பிரகலாத் சார் சுற்றி வந்து பார்த்தார்.

"போட்டோல பாத்தத விடப் பெருசா இருக்கே வேலுச்சாமி?"

"பாதி மண்ணுக்குள்ள இருந்துச்சுங்க. தோண்டுனாத்தான் தெரியுது. பழைய காலத்துச் செடிங்கள்ல?"

"ஆமா ஆமா. பாத்தாலே தெரியுது. என்ன ஒரு பழமை!"

"அங்க குழி வெறிச்சோடிக் கெடந்துச்சுங்க. சின்னதா வேற ஒரு செடி வச்சு மூடிட்டேன்."

"குட், குட்."

அவ்வளவுதான். நான் வண்ணான் குளத்துப் பக்கம் போய் நின்று அழுதுவிட்டு வந்தேன்.

அந்தப் பழஞ்செடி ரெண்டு மாதத்தில் காய்ந்துவிடும் என்கிறார் வேலுச்சாமி அண்ணன். பிடுங்கின மற்றதெல்லாம் விறகாகத்தான் போகிறது. இது கண்ணாடிக்குள் போகிறது.

நவம்பர் 1, சனி

மேளம், பூரண கும்பம், தகடு திறப்பு. துரையின் கொள்ளுப்பேரன் அறுபது வயதுக்காரர், பெயர் ஆண்ட்ரூ. ஒல்லியான மனிதர். வெயிலில் காது சிவந்திருந்தது. செடியின் அடிமரத்தில் கையை வைத்துக்கொண்டு கண் கலங்கினார். எனக்கு அவர்மேல் கோபம் வரவேண்டும் என்று முயன்றேன். அவரும் செத்தவர் ஒருவரைத் தேடித்தான் வந்திருக்கிறார்.

என் பக்கம் திரும்பி ஆங்கிலத்தில் கேட்டார்: "இத்தனை வருடமும் இதில் இலை பறித்தது யார்?"

வசனத்தில் இந்தக் கேள்வி இல்லை. என் அரைகுறை ஆங்கிலத்தில் சொன்னேன். "எங்கள் ஆட்கள். நட்டதும் அவர்கள்தான். சின்னத்தங்கம், மாடத்தி, ஏசுவடியான்..." எனக்குத் தெரிந்த பெயர்களை வரிசையாகச் சொல்லிக்கொண்டே போனேன். அவர் சட்டைப் பையிலிருந்து சின்ன நோட்டை எடுத்து எழுதத் தொடங்கினார். ஆறாவது பெயரில் பிரகலாத் சார் டீத் தட்டோடு குறுக்கே வந்துவிட்டார்.

ஐந்து பெயர் லண்டன் போகிறது.

அம்மாவிடம் சொன்னேன். "ஏசுவடியான எதுக்குட்டி சொன்ன? அவன் ஒருநாளும் ஒழுங்கா வேலைக்கு வந்ததில்ல" என்றாள்.

நவம்பர் 2, ஞாயிறு. கல்லறைத் திருநாள்

சாரல். ஓடைக்கரையில் அப்பாவுக்கும் தாத்தாவுக்கும் பூப்போட்டு ஏற்றிவிட்டு, மூன்றாவது மெழுகுவத்தியோடு மேட்டுக்கு ஏறினோம். இருபத்தெட்டு வருடமாக அம்மா தனியாக ஏறிய மேடு. மத்தியானம் நடைக்குக் கூட்டம் இருந்ததால் நான் தொப்பியும் பேட்ஜுமாகவே போனேன்.

காற்றில் திரி நிற்கவில்லை. நாலு தீக்குச்சி போயிற்று. தொப்பியைக் கழற்றிக் காற்றுப் பக்கம் கவிழ்த்துப் பிடித்தேன். பற்றிக்கொண்டது. இந்தத் தொப்பி இந்த மலையில் எங்களுக்குச் செய்த முதல் உபகாரம்.

அம்மா ஜெபம் எதுவும் சொல்லவில்லை. "குட்டி, தங்கச்சி வந்திருக்கா" என்றாள்.

தங்கச்சி. நான்.

நாளையிலிருந்து கூட்டத்தைத் துரையின் தலைமாட்டில்தான் நிறுத்துவேன். கால்மாட்டுக்கு யாரும் வரக்கூடாது. கேட்டால், அங்கே சேறு என்பேன். தன்னந்தனியாக என்ற சொல்லையும் இனி சொல்லப்போவதில்லை. வேலையை விட்டு எடுத்தால் எடுக்கட்டும்.

அம்மா கொழுந்து கிள்ளத் தொடங்கினாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்து கிள்ளினேன். எஸ்டேட்டில் பிறந்து வளர்ந்தும், இந்த வேலைக்கு வரமாட்டேன் என்று வைராக்கியமாக இருந்தவள் நான். இன்றுதான் முதல் தடவை.

"முத்துன இலையப் பறிக்காத. இடுப்புக்கு மேல நிக்கதெல்லாம் எடு."

"அம்மா."

"ம்?"

"அவளுக்கு இப்ப இருபத்தெட்டு வயசு. என்னைவிட மூத்தவ. கொஞ்சம் வளரட்டுமே."

அம்மாவின் கை நின்றது. செடியைப் பார்த்தாள். எழுந்து நின்று, கையைத் தன் இடுப்பருகே வைத்து, பிறகு தோளருகே வைத்துப் பார்த்தாள். மெழுகுவத்தி பாதி எரிந்திருந்தது.

மறுபடி குனிந்து, பழைய வேகத்தில் கிள்ளிக்கொண்டே வந்தாள். நடுவில் நின்ற ஒரு துளிர் வந்ததும் விரல் அதன்மேல் வந்தது, தொட்டது, தாண்டிப் போனது.

அவள் விட்டுவைத்த அந்தத் துளிரில் இலை ஐந்து, மொட்டு ஒன்று. எந்தக் கிளை என்று நான் பார்த்து வைத்துக்கொண்டேன்.